வலது 1, இடது 2: கண் கோடர்களின் மேசைக்கு ஓர் எட்டிப்பார்வை

எச்59! கண் அறுவைச் சிக்கல்களுக்கான இந்தக் குறியீட்டு வரிசையைத் திறந்தாலே எனக்கு உற்சாகம் தலைக்கேறிவிடும். அமெரிக்காவில் ஒருவர் கண் அறுவை செய்துகொள்கிறார். மேசையில் படுத்திருக்கும்போதோ, வீடு திரும்பிய பிறகோ, கண்ணில் ஏதோ ஒன்று சரியில்லாமல் போகிறது. மருத்துவர் பார்க்கிறார், சரிசெய்கிறார், நாலு பத்தி எழுதிவைக்கிறார். அந்த நாலு பத்தியும் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்குப் போய்ச் சேரும்போது ஆறேழு எழுத்துகளாகச் சுருங்கியிருக்கும். சுருக்கியவர் சென்னை பெருங்குடியிலோ கிண்டியிலோ அம்பத்தூரிலோ, இரண்டு திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் நர்சிங் பட்டதாரியாக இருக்க நிறைய வாய்ப்புண்டு. அந்த மாடிக்குத்தான் இப்போது உங்களைக் கூட்டிப்போகப் போகிறேன்.

உள்ளே வருவதற்கு முன் கைப்பேசியை லாக்கரில் வைத்துவிடுங்கள். பேனாவும் காகிதமும்கூட வேண்டாம். நோயாளியின் தகவல் வெளியே கசியக்கூடாது என்று சொல்லும் ஹிப்பா சட்டம் அமெரிக்காவில் 1996இல் வந்தது. அதன் கை எங்கள் மாடிவரை நீளுகிறது. அதனால் நிஜ நோயாளியின் சார்ட் எதையும் உங்களுக்குக் காட்ட மாட்டேன். புதிதாகச் சேர்ந்த பிள்ளைகளுக்குப் பாடம் நடத்த நாங்களே கற்பனையாக எழுதி வைத்திருக்கும் சார்ட் இருக்கிறது, அதைத் திறப்போம். அதிலேயே போதுமான அளவு கலாட்டா உண்டு!

இங்கே உட்கார்ந்திருப்பவர்களைப் பாருங்கள். நர்சிங் படித்தவர்கள், பி.ஃபார்ம், பிசியோதெரபி, மைக்ரோபயாலஜி, சித்த மருத்துவம் படித்தவர்கள்கூட உண்டு. பலர் சிபிசி என்ற கோடர் சான்றிதழ்த் தேர்வு எழுதித் தேறியவர்கள். நூறு கேள்வி, நாலு மணி நேரம், புத்தகத்தைப் பார்த்தே எழுதலாம். பார்த்து எழுதுவதென்றால் சுலபம் என்று நினைத்துவிடாதீர்கள். எழுபதாயிரத்துக்கும் மேற்பட்ட நோய்க் குறியீடுகள் உள்ள புத்தகத்தில், எந்தப் பக்கத்தில் எந்தக் குறிப்பு ஒளிந்திருக்கிறது என்று தெரியாதவருக்கு நாலு நாள் கொடுத்தாலும் போதாது. தேறியவர்களின் புத்தகத்தை வாங்கிப் பாருங்கள். ஓரமெல்லாம் வண்ண ஒட்டுத்தாள், வரிக்கு வரி மஞ்சள் மை, பென்சிலில் எழுதிய அம்புக்குறிகள்!

எங்களுக்கு முக்கியமாக இரண்டு புத்தகம். ஒன்று ஐசிடி-10-சிஎம். அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. நோயாளிக்கு என்ன கோளாறு என்பதை அது சொல்லும். இன்னொன்று சிபிடி, அமெரிக்க மருத்துவச் சங்கம் 1966இல் முதன்முதலாக வெளியிட்டது. மருத்துவர் என்ன செய்தார் என்பதை அது சொல்லும். செய்ததற்கும் கோளாறுக்கும் பொருத்தம் இருந்தால் பணம் வரும், இல்லாவிட்டால் டினையல், அதாவது நிராகரிப்பு. எங்கள் பிழைப்பு முழுக்க இந்தப் பொருத்தத்தில்தான் ஓடுகிறது.

சரி, ஒரு குறியீட்டைப் பிரித்துக் காட்டுகிறேன். எச்59.031. முன்னால் இருக்கும் எச் எழுத்து, இது கண் அல்லது காது என்கிறது. எச்00 முதல் எச்59 வரை கண், அதற்கு மேல் காது. 59 என்றால் அறுவையின்போதோ பிறகோ வந்த சிக்கல். 03 என்றால் கண்புரை அறுவையைத் தொடர்ந்து விழித்திரையின் நடுப்பகுதியில் நீர் கோத்து வீங்குவது. கடைசி 1? வலது கண்! இதுவே 2 என்றால் இடது, 3 என்றால் இரண்டும். 9 என்றால் எந்தக் கண் என்று குறிப்பிடப்படவில்லை.

அந்த 9ஐ எங்கள் மாடியில் யாருக்கும் பிடிக்காது. கண் மருத்துவர் ஒருவர் விளக்கு அடித்து, லென்ஸ் வைத்து, அரை மணி நேரம் ஒரு கண்ணைப் பார்த்திருக்கிறார். எந்தக் கண்ணைப் பார்த்தார் என்று தெரியாமல் இருக்குமா? சார்ட்டில் எங்காவது இருக்கும். ஓடி என்றால் வலது, ஓஎஸ் என்றால் இடது, ஓயூ என்றால் இரண்டும். சொட்டு மருந்துச் சீட்டிலாவது, ஸ்கேன் படத்தின் மூலையிலாவது இருக்கும். அதைத் தேடிக் கண்டுபிடித்து, 9 விழ வேண்டிய இடத்தில் 2 போடும்போது வருகிற சந்தோஷம் இருக்கிறதே, அதை அனுபவித்தால்தான் தெரியும்.

எச்59 வரிசையில் இன்னும் என்னென்ன இருக்கிறது என்று வேகமாக ஒரு சுற்று வருவோம். எச்59.01 கண்புரை எடுத்த பிறகு கருவிழி பழுதாவது. எச்59.02 எடுத்த புரையின் துண்டு கண்ணுக்குள்ளேயே தங்கிவிடுவது. எச்59.1 அறுவையின்போது ரத்தக்கசிவு. எச்59.2 அறுவையின்போது தவறுதலாகக் குத்தோ கிழிசலோ ஏற்படுவது. எச்59.3 அறுவைக்குப் பிந்திய ரத்தக்கசிவு. இதில் எனக்குப் பிடித்த நுணுக்கம் ஒன்று: எச்59.21 கண் அறுவையின்போது கண்ணில் பட்ட காயம், எச்59.22 வேறு ஏதோ அறுவையின்போது கண்ணில் பட்ட காயம். மூக்கின் பக்கத்து அறைகளில் அறுவை செய்யும்போது, காகிதம்போல் மெல்லிய எலும்புக்கு அப்பால் கண்குழி இருக்கிறதே, அங்கே கருவி பட்டுவிட்டால் அதற்கும் இங்கே ஓர் இடம் போட்டு வைத்திருக்கிறார்கள்.

எச்59.4க்கு வரும்போது கொஞ்சம் நின்றுதான் ஆக வேண்டும். கண் அழுத்த நோய்க்குச் செய்யும் ஓர் அறுவையில், கண்ணுக்குள் தேங்கும் நீர் வடிவதற்கு வெள்ளை விழியில் ஒரு வழி உண்டாக்குவார்கள். நீர் வெளியேறும் இடத்தில் மேல் இமைக்கு அடியில் சின்னக் கொப்புளம்போல் எழும்பும். அதற்கு பிளெப் என்று பெயர். அது நோய் இல்லை. அப்படி எழும்பினால்தான் அறுவை வேலை செய்கிறது என்று அர்த்தம்! ஆனால் அங்கே கிருமி புகுந்துவிட்டால் ஆபத்து. எச்59.41 முதல் கட்டம், 42 இரண்டாம் கட்டம், 43 மூன்றாம் கட்டம். மேலே பார்த்தவற்றில் கடைசி எண் எந்தக் கண் என்று சொல்லும், இங்கேயோ கிருமி எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்று சொல்கிறது. பழக்க தோஷத்தில் 41ஐ வலது கண் என்று நினைப்பவர்கள் உண்டு. ஆடிட்டில் நான் முதலில் பார்க்கும் இடங்களில் இதுவும் ஒன்று.

இப்போது ஒரு புதிர். கண்புரை அறுவை செய்துகொண்ட நம் தாத்தா பாட்டி பலருக்கும் மாதங்களோ வருடங்களோ கழித்துப் பார்வை மறுபடி மங்குமே, "லேசர் வைத்துச் சரிபண்ணிட்டாங்க" என்பார்களே, அது எச்59இல் எங்கே இருக்கிறது? தேடிப் பாருங்கள், இருக்காது! வைத்த லென்ஸுக்குப் பின்னால் இருக்கும் மெல்லிய உறை மங்குவதுதான் அது. கண்புரை அறுவைக்குப் பிறகு மிகச் சாதாரணமாக வருவது அதுதான். ஆனால் எச்59இன் தலைப்புக்குக் கீழேயே "இவையெல்லாம் இங்கே சேராது" என்று ஒரு விலக்குப் பட்டியல் போட்டிருக்கிறார்கள். அதில் இதுவும் இருக்கிறது. அதன் வீடு எச்26.4, கண்புரை வரிசையிலேயே. வலது கண் என்றால் பெரும்பாலும் எச்26.491. அதற்குச் செய்யும் யாக் லேசர் சிகிச்சைக்கு சிபிடி 66821. தலைப்புக்குக் கீழே பொடி எழுத்தில் இருக்கும் அந்த வரிகளைப் படிக்கிறவர்தான் கோடர். படிக்காமல் குறியீட்டை மட்டும் மனப்பாடம் செய்தவர் ஒரு வருடம்கூடத் தாக்குப்பிடிக்க மாட்டார்.

வாங்க, பயிற்சி சார்ட்டைத் திறக்கலாம். ஓஹையோவில் இருப்பதாக நாங்கள் வைத்துக்கொண்ட 74 வயதுப் பெண்மணி. இரண்டாம் வகை நீரிழிவு உண்டு. இடது கண்ணில் வயதால் வந்த கண்புரை, எச்25.12. லென்ஸ் வைத்து அறுவை, சிபிடி 66984, கூடவே இடது என்று சொல்லும் எல்டி மாடிஃபையர். ஆப்பரேட்டிவ் நோட்டைத் திறந்ததும் எங்கள் கண் முதலில் ஓடுவது "காம்ப்ளிகேஷன்ஸ்" என்ற வரிக்கு. அங்கே "நன்" என்று இருக்கிறது. சிக்கல் எதுவும் இல்லையாம். நிம்மதியாகக் கீழே படித்துக்கொண்டே போனால், நாலாவது பத்தியில் வருகிறது பாருங்கள்: பின் உறையில் சிறு கிழிசல் தென்பட்டது, கண்ணின் பின்புறத்தில் இருக்கும் விட்ரியஸ் பாகு முன்னால் வந்தது, அதை வெட்டி அகற்றி, லென்ஸ் வேறு இடத்தில் பொருத்தப்பட்டது!

தலைப்பு இல்லை என்கிறது, உடல் ஆம் என்கிறது. இந்த இடத்தில் ஒவ்வொரு பேட்ச்சிலும் இதே உரையாடல் நடக்கும்.

"அக்கா, கேப்சூல் கிழிஞ்சிருக்கு. எச்59.212 போட்டுடவா?"

"காம்ப்ளிகேஷன்ஸ் வரியில என்னப்பா இருக்கு?"

"நன்னுதான் இருக்கு. ஆனா கீழ எழுதியிருக்காரே அக்கா!"

"மேல நன், கீழ கிழிசல். இதுல எது சரின்னு எங்கயாவது எழுதியிருக்காரா?"

"இல்ல..."

"அப்போ குவெரி போடு."

எங்கள் தொழிலின் உயிரே இந்த ஆறு வரிதான். ஐசிடியின் அதிகாரபூர்வ வழிகாட்டியில் இதற்கென்றே ஒரு பகுதி இருக்கிறது. அறுவையின்போதோ அறுவைக்குப் பிறகோ நடந்த எல்லாமே சிக்கல் ஆகிவிடாது. அறுவைக்கும் அந்தக் கோளாறுக்கும் காரணத் தொடர்பு உண்டு என்பதையும், அது மருத்துவரீதியாக முக்கியமானது என்பதையும் மருத்துவரின் எழுத்து காட்ட வேண்டும்; "சிக்கல்" என்ற சொல்லையே அவர் எழுத வேண்டும் என்றில்லை. தெளிவாக இல்லாவிட்டாலோ, இங்கேபோல் ஒன்றுக்கொன்று முரண்பட்டாலோ, மருத்துவரிடமே எழுதிக் கேட்க வேண்டும்; அதுதான் குவெரி. கோடருக்கு உடற்கூறு தெரியும், நோய் தெரியும், என்ன நடந்திருக்கும் என்று சட்டென்று புரிந்தும் விடும். ஆனாலும் கை நகரக்கூடாது! நர்சிங்கில் பத்து வருடம் வேலை பார்த்துவிட்டு வந்தவர்களுக்கு முதல் சில வாரம் இது பெரும் தவிப்பாக இருக்கும். பழகியபின் அந்தக் கட்டுப்பாட்டின் அழகு பிடிபடும். ஒரு மருத்துவரின் பெயரில் "தவறுதலாகக் கிழித்தார்" என்று பொருள்படும் ஒரு குறியீட்டை ஏற்றுகிறோம். அவரே தெளிவாகச் சொல்லாததை நாம் ஏற்றலாமா? மறுபக்கம், நடந்த சிக்கலை விட்டுவிட்டால், அந்தப் பெண்மணியின் கண்ணுக்கு நடந்தது கணக்கிலேயே வராமல் போய்விடும். அமெரிக்காவில் அறுவைக்குப் பிந்திய கிருமித்தொற்று எவ்வளவு என்று ஆராய்பவர்கள் மெடிகேர் என்னும் அரசு மருத்துவக் காப்பீட்டின் பில் தரவுகளைத்தான் பல நேரம் எடுத்து அலசுகிறார்கள். நாங்கள் போடும் எழுத்துகள்தான் அந்தத் தரவு.

கிழிசலோடு இன்னும் இரண்டு கண்ணிகள் இருக்கின்றன. கண்புரை அறுவைக்கே 66982 என்று "சிக்கலான அறுவை"க்குத் தனி எண் உண்டு, தொகையும் அதிகம். அறுவையில் சிக்கல் வந்ததே, அதைப் போடலாமே என்று தோன்றும். கூடாது! வழக்கமான அறுவையில் பயன்படுத்தாத கருவியோ நுட்பமோ தேவைப்பட்டால்தான் 66982. உதாரணத்துக்கு, விரியாத கண்மணியை விரித்துப் பிடிக்கும் வளையம், லென்ஸைத் தாங்கப் போடும் தையல். நடுவில் கிழிந்துபோனது அந்த எண்ணுக்குக் காரணம் ஆகாது. விட்ரியஸை அகற்றினாரே, அதற்குத் தனி எண் 67010 இருக்கிறதே என்றால், அறுவையிலேயே நேர்ந்த சிக்கலைச் சரிசெய்ததற்குத் தனி பில் கிடையாது, 66984க்குள் அடங்கிவிடும். நடந்ததை நோய்க் குறியீடு சொல்லலாம்; அதற்காகத் தனியாகப் பணம் கேட்க முடியாது.

கதை இதோடு முடியவில்லை. ஆறு வாரம் கழித்து அதே பெண்மணி வருகிறார். இடது கண்ணில் பார்வை மங்கல். ஓசிடி ஸ்கேன் எடுத்துப் பார்த்தால் விழித்திரை நடுவில் வீக்கம். மருத்துவர் எழுதுகிறார்: "சிஸ்டாய்ட் மேக்யுலர் எடிமா, ஓஎஸ்." அவ்வளவுதான். கண்புரை அறுவைக்குப் பிறகு சில வாரங்களில் இப்படி வீங்குவது மருத்துவ உலகம் நன்றாக அறிந்த விஷயம். 1953இல் இர்வைன் விவரித்தது, 1966இல் காஸும் நார்ட்டனும் சாயம் செலுத்திப் படம் எடுத்துக் காட்டியது. இர்வைன்-காஸ் நோய் என்றே அதைச் சொல்வார்கள். ஆக எச்59.032தானே?

பொறுங்கள்! இவருக்கு நீரிழிவு இருக்கிறது. சார்ட்டில் லேசான ரெட்டினோபதியும், அதாவது விழித்திரைப் பாதிப்பும், பதிவாகியிருக்கிறது. இந்த இடத்தில் ஐசிடி ஒரு வேடிக்கையான விதியைக் கொண்டுவருகிறது. நீரிழிவும் ரெட்டினோபதியும் ஒரே சார்ட்டில் இருந்தால், மருத்துவர் வேறு காரணம் சொல்லாதவரை, அவை இரண்டுக்கும் தொடர்பு உண்டு என்று புத்தகமே எடுத்துக்கொள்ளச் சொல்கிறது. மருத்துவர் "நீரிழிவால்" என்று எழுத வேண்டியதே இல்லை. நீரிழிவுக்குத் தொடர்பைப் புத்தகம் ஊகிக்கும், அறுவைக்கு மட்டும் ஊகிக்காது! ஒரே கண், ஒரே வீக்கம். அறுவையால் என்றால் எச்59.032. நீரிழிவால் என்றால் ஈ11.3 வரிசையில் ஒன்று. இரண்டும் இல்லை, வேறு ஏதோ என்றால் எச்35.352. மூன்று கதவு, உள்ளே போக ஒன்றுதான் சரி. திறக்க வேண்டியவர் மருத்துவர்.

எனவே குவெரி. நல்ல குவெரி எழுதுவது ஒரு கலை, சத்தியமாகச் சொல்கிறேன். பாருங்கள், எங்கள் மாதிரிக் குவெரியைத் தமிழில் தருகிறேன்:

"டாக்டர், ஆறாம் வாரப் பரிசோதனையில் இடது கண்ணில் சிஸ்டாய்ட் மேக்யுலர் எடிமா எனப் பதிந்துள்ளீர்கள். அதே கண்ணில் ஆறு வாரத்துக்கு முன் கண்புரை அறுவை நடந்துள்ளது. நோயாளிக்கு இரண்டாம் வகை நீரிழிவும் லேசான ரெட்டினோபதியும் பதிவாகியுள்ளன. உங்கள் மருத்துவ முடிவின்படி இந்த வீக்கத்தின் காரணம் என்ன என்பதைத் தயவுசெய்து குறிப்பிடவும்: கண்புரை அறுவையைத் தொடர்ந்து வந்தது, நீரிழிவு சார்ந்தது, இரண்டும் சேர்ந்தது, வேறு காரணம், தீர்மானிக்க இயலவில்லை."

இதில் என்ன இல்லை என்று கவனியுங்கள். "அறுவையால் வந்தது என்று உறுதிப்படுத்துகிறீர்களா?" என்று கேட்கவில்லை. கேட்டால் அது வாயில் வார்த்தையைத் திணிப்பது, ஏற்கமாட்டார்கள். எந்தப் பதிலுக்கு எவ்வளவு பணம் வரும் என்ற பேச்சே கிடையாது, குவெரியில் அது வரவே கூடாது. சார்ட்டில் இருக்கும் அடையாளங்களை மட்டும் அடுக்கிவிட்டு, கடைசியில் "தீர்மானிக்க இயலவில்லை" என்ற வாசலையும் திறந்து வைத்திருக்கிறோம். பல்லாயிரம் மைல் தள்ளி இருக்கும் ஒரு கண் மருத்துவர், தான் நினைத்ததை இன்னும் ஒரு முறை யோசித்து ஒரே வரியில் பதில் போடுவார். "செகண்டரி டு கேட்டராக்ட் சர்ஜரி" என்று அந்த வரி வந்து விழும் நொடியில் மூன்று கதவில் ஒன்று டப்பென்று திறக்கும் பாருங்கள்!

அடுத்த கூத்து, நாள் கணக்கு. மெடிகேரில் கண்புரை அறுவைக்கு 90 நாள் குளோபல் பீரியட். அறுவைக்கு முந்தைய நாள், அறுவை நாள், அதற்குப் பிறகு 90 நாள், மொத்தம் 92. அந்த நாட்களில் அதே மருத்துவர் பார்க்கும் வழக்கமான பரிசோதனைகளுக்குத் தனிப் பணம் இல்லை, அறுவைத் தொகைக்குள் அடக்கம். சிக்கல் வந்து, அதைச் சொட்டு மருந்திலோ பரிசோதனை அறையிலோ சமாளித்துவிட்டால் அதற்கும் தனியாக இல்லை. அறுவை அறைக்குத் திரும்பப் போனால்தான் உண்டு. அப்போது போட வேண்டியது 78 என்ற மாடிஃபையர்: முன் திட்டமில்லாமல், அதே அறுவை தொடர்பாக, மறுபடி அறுவை அறைக்குப் போனார் என்று பொருள். அறுவைப் பகுதிக்கான தொகை மட்டும் வரும், புதிய 90 நாள் தொடங்காது.

அறுவை அறை என்றால் எது? லேசர் அறை சேருமா? சேரும்! மெடிகேரின் விளக்கத்தில் லேசர் சிகிச்சைக்கென்றே இருக்கும் அறையும் அறுவை அறைதான். நோயாளி படுத்திருக்கும் அறையும் சின்னச் சின்ன வேலைக்கான அறையும் சேராது. ஆகவே 90 நாளுக்குள் அதே கண்ணின் உறை மங்கி யாக் லேசர் செய்ய வேண்டி வந்தால், 66821க்குப் பின்னால் 78 வரலாம். அதே நாட்களுக்குள் மறு கண்ணில் கண்புரை அறுவை செய்தால்? அது சிக்கலே இல்லை, முதல் கண்ணோடு தொடர்பும் இல்லை. அங்கே 79, தொடர்பில்லாத அறுவை. தொகை முழுதாக வரும், புதிய 90 நாள் தொடங்கும். 78ஓ 79ஓ என்று ஒரே ஓர் இலக்கம் மாறினால் கிளெய்மின் தலையெழுத்தே மாறிவிடும். கூடவே வலதுக்கு ஆர்டி, இடதுக்கு எல்டி. முதல் கண் வலதா இடதா என்று பழைய சார்ட்டைத் திறந்து பார்க்காமல் எங்களில் யாரும் இந்த எண்ணைத் தொடமாட்டோம்.

அமெரிக்காவின் பெரிய ஊர் ஒன்றில் அறுவை செய்துகொண்டு, சொந்த ஊரில் இருக்கும் ஆப்டோமெட்ரிஸ்ட்டிடம் மீதிப் பரிசோதனைகளைப் பார்த்துக்கொள்பவர்களும் உண்டு. அப்போது அறுவை செய்தவருக்கு 54 என்ற மாடிஃபையர், பின்னால் கவனித்துக்கொள்பவருக்கு 55. கண்புரை அறுவைத் தொகையில் பின்கவனிப்பின் பங்கு 20 சதவீதம். பொறுப்பு கைமாறிய தேதியை வைத்து அதை நாள் கணக்கில் பிரிப்பார்கள்.

எனக்கு மிகமிகப் பிடித்ததை இப்போதுதான் சொல்லப்போகிறேன். ஒரு முதியவர். கண்புரை அறுவை நடக்கிறது. நடுவில் அவருடைய கண்மணித் திரை, அதாவது ஐரிஸ், தொய்ந்து அலைபாய்கிறது, கண்மணி சுருங்குகிறது, திரை கீறல் வழியே வெளியே வரப் பார்க்கிறது. காரணம் எங்கே இருக்கிறது தெரியுமா? அவர் சிறுநீர் சரியாகப் போக வேண்டும் என்று புராஸ்டேட்டுக்குச் சாப்பிடும் டாம்சுலோசின் மாத்திரையில்! 2005இல் சாங், கேம்பெல் என்ற இரண்டு அமெரிக்க மருத்துவர்கள் இந்தத் தொடர்பைக் கண்டு எழுதினார்கள். அதற்கு ஐசிடி கொடுத்த எண் எச்21.81. அதோடு நிற்காது, எந்த வகை மருந்தின் பக்க விளைவு என்றும் சேர்த்துச் சொல், டீ44.6எக்ஸ்5ஏ என்று போடு என்கிறது. மருந்துப் பட்டியலின் ஏழாவது வரியில் இருக்கும் ஒரு மாத்திரையையும், ஆப்பரேட்டிவ் நோட்டில் ஐரிஸ் தொய்ந்தது என்று மருத்துவர் எழுதிய வரியையும், அவரே இணைத்து எழுதியிருக்கும் இடத்தையும் தேடிப் பிடித்து இரண்டு குறியீடாகக் கோத்து வைப்பது ஒரு நல்ல துப்பறியும் நாவலைப் படித்து முடிப்பதுபோல் இருக்கும். தொய்ந்த ஐரிஸைப் பிடித்து நிறுத்த வளையம் போட்டிருந்தால், மேலே கூடாது என்றேனே, அந்த 66982 இங்கே நியாயமாக வரும்.

கடைசியாக, கண்ணுக்குள் வைத்த லென்ஸே தகராறு செய்தால்? அதுவும் எச்59இன் விலக்குப் பட்டியலில் இருக்கிறது. டீ வரிசைக்கு ஓட வேண்டும். செயற்கை லென்ஸ் உடைந்தால் டீ85.21, இடம் நகர்ந்தால் டீ85.22. லென்ஸ் என்றதும் ஹெரால்ட் ரிட்லியைச் சொல்லாமல் கடக்க மனம் வரவில்லை. இரண்டாம் உலகப் போரில் விமான ஓட்டிகளின் கண்ணில் விமானக் கூண்டின் பிளாஸ்டிக் சில்லுகள் பாய்ந்திருந்தன. கண் அந்தச் சில்லுகளைச் சகித்துக்கொண்டிருந்ததைக் கவனித்த அவர், அதே வகைப் பிளாஸ்டிக்கில் லென்ஸ் செய்து 1949இல் லண்டன் செயின்ட் தாமஸ் மருத்துவமனையில் ஒரு நோயாளிக்கு வைத்தார். இன்று நாங்கள் போடும் டீ85.2 குறியீடு ஒவ்வொன்றும் அந்த நாளின் கிளைதான்!

டீ85.22க்கு ஏழு எழுத்து வேண்டும், இருப்பதோ ஐந்து. ஆறாம் இடத்தில் இடம்பிடிக்க ஓர் எக்ஸ், ஏழாம் இடத்தில் ஏ, டி, எஸ் மூன்றில் ஒன்று. டீ85.22எக்ஸ்ஏ. ஏ என்றால் முதல் தடவை வந்தார் என்று பாதிப் பேர் நினைப்பார்கள். இல்லை. சிகிச்சை மும்முரமாக நடக்கும்வரை எத்தனை தடவை வந்தாலும், எந்த மருத்துவரிடம் போனாலும் ஏதான். ஆறிவரும் கட்டத்தில்தான் டி. நகர்ந்த லென்ஸை அறுவை செய்து இருந்த இடத்துக்கே கொண்டுவந்தால் 66825, எடுத்துவிட்டு வேறு லென்ஸ் வைத்தால் 66986.

இவ்வளவு நுணுக்கம் பார்க்கும் இந்தப் புத்தகம், நகர்ந்த லென்ஸ் எந்தக் கண்ணில் என்று சொல்ல டீ85.22இல் இடமே வைக்கவில்லை! வலதா இடதா என்பதை சிபிடியோடு போகும் ஆர்டி, எல்டிதான் சொல்ல வேண்டியிருக்கிறது. வாத்து மோதிக் காயம்பட்டால்கூட டபிள்யூ61.62 என்று தனிக் குறியீடு வைத்திருக்கும் புத்தகம் இது. கருவிழி மாற்று அறுவையில் வைத்த திசுவை உடல் ஏற்க மறுப்பதற்கும் நெடுநாள் இதே குறைதான் இருந்தது. 2020 அக்டோபரில் அதைப் பிரித்தார்கள்: டீ86.8401 வலது, டீ86.8402 இடது, 8403 இரண்டும். அன்று எங்கள் கண் பிரிவில் ஏற்பட்ட குதூகலத்தை மற்றப் பிரிவுக்காரர்களுக்கு விளக்கவே முடியவில்லை. அடுத்த அக்டோபர் 1க்கான பட்டியல் வந்ததும் நான் முதலில் தேடப்போவது டீ85.2 வரிசையைத்தான். அங்கே 1, 2 வந்துவிட்டதென்றால், அன்றைக்கு இந்த மாடியில் கேக் வெட்டுவோம். நீங்களும் வாங்க!